வளவனூர் சாலையில் ஐந்தாம் நம்பர் அலை

கடலில் வேலை செய்ய வேண்டிய கருவி ஒன்றைத் தூக்கிக்கொண்டு விழுப்புரம் ரயில் நிலையத்தில் இறங்கினேன். வெளியே வந்து நாலு பக்கமும் பார்த்தேன். ஆட்டோ இருந்தது, பூக்கடை இருந்தது, இளநீர் வண்டி இருந்தது. கடல்தான் இல்லை.

என் பெயரை அட்டையில் எழுதிப் பிடித்துக்கொண்டு நின்றவர் ஏழுமலை. மூன்று நாளுக்கு வாடகைக்கு எடுத்த வேனின் ஓட்டுநர், சொந்தக்காரரும் அவரே. ஐம்பது வயதைத் தாண்டியவர், நரைத்த மீசை, பொத்தான் எல்லாம் போட்ட காக்கிச் சட்டை. நான் திரும்பித் திரும்பிப் பார்ப்பதைக் கவனித்துவிட்டு, "இன்னா மேடம் தேடுறீங்க?" என்றார்.

"கடலைத்தான்."

"அது மரக்காணம் பக்கம் போவணும். நமக்குக் குடுத்த ஷீட்ல அந்த ரூட்டு இல்லீங்க."

அவர் சொன்னது சரி. கடற்படைக்கு நாங்கள் செய்திருக்கும் கருவி கையடக்கமான ஒரு செட். பார்க்க செல்போன் மாதிரி இருக்கும், விலையைக் கேட்டால் செல்போன் மாதிரி இருக்காது. டவர் வேண்டாம். ஒரு செட் பேசினால் அடுத்த செட் வாங்கி அதற்கு அடுத்ததற்குக் கொடுக்கும். படம், வரைபடம், குரல் எல்லாம் போகும். கப்பலிலிருந்து சின்னப் படகில் இறங்கி இன்னொரு படகைச் சோதிக்கப் போகிறவர்கள் கையில் இதுதான் இருக்கும். கோப்புகளில் இதற்கு 'நவீனமயமாக்கல்' என்று பெயர். நான் பதினெட்டு வருஷமாக அந்தக் கோப்புகளுக்குள்தான் குடியிருக்கிறேன்.

கடலுக்குப் போகும் முன் மூன்று நாள் நிலத்தில் ஓட்டிக் காட்ட வேண்டும் என்பது விதி. பெங்களூரில் எங்கள் மேலாளர் வரைபடத்தில் விரலை வைத்து, "சமதளம், நீளமான ரோடு, ஜன நடமாட்டம் குறைவு" என்று விழுப்புரத்தையும் திண்டிவனத்தையும் தேர்ந்தெடுத்தார். ஜன நடமாட்டம் குறைவு என்று சொன்ன மனுஷன் விழுப்புரம் பஸ் ஸ்டாண்டைப் பார்த்ததில்லை. நான் கோயம்புத்தூர்க்காரி, காந்திபுரத்தில் கூட்டம் பார்த்து வளர்ந்தவள். எனக்கே மூச்சு முட்டியது.

சோதனைக்கு மூன்று கப்பல்கள் வேண்டும். முதல் நாள் காலை மூன்றையும் நிறுத்தினோம். விழுப்புரத்தில் நான் தங்கிய லாட்ஜின் மொட்டை மாடி ஒரு கப்பல். திண்டிவனத்தில் ஒரு கல்யாண மண்டபத்து மாடி இன்னொரு கப்பல். இரண்டுக்கும் நடுவில் ஓடும் ஏழுமலையின் வேன் மூன்றாவது. வேன் கூரையில் நான் ஆன்டெனாவைப் பொருத்தி இறங்கியதும் அவர் ஏறினார். அதற்குச் சந்தனம் வைத்தார், குங்குமம் வைத்தார், நாலு சக்கரத்துக்கும் எலுமிச்சம்பழம் வைத்தார். ராணுவத் தரச் சான்றிதழில் இதற்கு ஒரு பத்தி இல்லையே என்று நினைத்துக்கொண்டேன். ஆனால் வேண்டாம் என்று சொல்ல எனக்கும் தைரியம் வரவில்லை.

விக்கிரவாண்டி சுங்கச்சாவடியில் மாட்டிக்கொண்டோம். கூரையில் நிற்கிற கம்பியைப் பார்த்துவிட்டு அங்கிருந்தவர், "எலெக்ஷன் வண்டியா?" என்றார். இல்லை என்றேன். "கேபிள் டிவியா?" அதுவும் இல்லை. "அப்போ இன்னாதான் வண்டி?" சொல்லக் கூடாது என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவள் நான். மென்று விழுங்கிக்கொண்டிருந்தபோது ஏழுமலை ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி, "நேவி வண்டிப்பா, ஜல்தி வுடு" என்றார். பின்னால் நின்ற லாரிக்காரர்கூட மரியாதையாக ஹாரனை நிறுத்தினார்.

"அண்ணா, அது ரகசியமுங்க!" என்றேன், பல்லைக் கடித்துக்கொண்டு.

"எனக்கு முன்னாடியே தெரியும் மேடம். எம் பொண்ணு நேவிலதான் இருக்குது. கப்பல்ல சிக்னல் வேலை. புது செட்டு வரப்போவுதுன்னு பாப்பாதான் சொல்லிச்சு. 'வெளிய சொல்லிடாதப்பா'ன்னும் சொல்லிச்சு." கொஞ்ச தூரம் போனதும், "அதான் இந்த டிரிப்ப நானே கேட்டு வாங்கிக்கினேன்" என்றார்.

அவர் மகள் பவித்ரா. பன்னிரண்டாவது முடித்ததும் தானே விண்ணப்பம் போட்டு, தானே ஓடிப் பழகி, சேர்ந்த பிறகுதான் வீட்டில் சொன்னாளாம். கப்பல் கரையில் நின்றால் அப்பாவுக்குப் போன் வரும். கடலுக்குள் போய்விட்டால் வராது, இப்போது கடலில்தான் இருந்தாள். அந்த நாட்களில் அவர் சவாரிக்கு நடுவில் பத்து தடவை போனை எடுத்துப் பார்ப்பார். இதை அவர் சொல்லவில்லை, நான் எண்ணிப் பார்த்தேன்.

இனி என் முட்டாள்தனத்துக்கு வருகிறேன்.

அரை மணிக்கு ஒரு தடவை மடிக்கணினியில் சோதனைப் படிவம் நிரப்ப வேண்டும். அதில் 'அலையின் நிலை' என்று ஒரு கட்டம். கடல் எவ்வளவு கொந்தளிக்கிறது என்பதற்குக் கடற்படைக்காரர்கள் வைத்திருக்கும் கணக்கு அது. ஐந்து என்றாலே கப்பலில் நிற்க எதையாவது பிடித்துக்கொள்ள வேண்டும். அதற்கு மேலே போனால் சாமியைப் பிடித்துக்கொள்ள வேண்டும். அந்தக் கட்டத்தை நிரப்பாவிட்டால் படிவம் போகாது. நிலத்துக்கென்று தனிப் படிவம் செய்ய எங்கள் அலுவலகத்தில் யாருக்கும் தோன்றவில்லை.

சரி, பூஜ்யம் என்று போட்டேன். 'ஓடுகிற கப்பலுக்குப் பூஜ்யம் செல்லாது' என்று சிவப்பு எழுத்தில் திட்டியது. இந்த விதியை எழுதிய புண்ணியவதி யார் என்று கேட்டால், நான்தான். போன வருஷம் சோம்பேறிப் பொறியாளர்கள் எல்லாக் கட்டத்திலும் பூஜ்யம் போட்டு அனுப்புகிறார்கள் என்று கோபம் வந்து, ஒரு மத்தியானம் உட்கார்ந்து பூஜ்யத்தையே அடைத்துவிட்டேன். அன்றைக்கு எல்லோரும் கை தட்டினார்கள். இப்போது திறக்க வேண்டுமென்றால் நாலு பேர் கையெழுத்து வேண்டும். அதில் ஒருவர் மகள் கல்யாணத்துக்கு லீவில் போயிருந்தார்.

"இன்னா மேடம், பேஜாரா கீதா?" என்றார் ஏழுமலை.

"கடல் எப்படி இருக்குன்னு கேக்குதுங்ண்ணா."

அவர் ரோட்டைப் பார்த்தார். நாற்கரச் சாலை வழுக்கிக்கொண்டு போனது. "ஒண்ணு போடுங்க" என்றார். போட்டேன். படிவம் போய்விட்டது.

அப்படித்தான் ஆரம்பித்தது. மத்தியானத்துக்குள் அவருக்கு ஒரு கணக்கே பிடிபட்டுவிட்டது. நெடுஞ்சாலை ஒன்று. முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரி வாசலில் வேகத்தடைகள் வரிசையாக வரும் இடம் இரண்டு. மேம்பால வேலை நடக்கும் இடத்தில் சர்வீஸ் ரோடு மூன்று. நான் கேட்பதற்கு முன்பே, "மூணு மேடம், எழுதிக்கோங்க" என்று குரல் வரும். எனக்கும் சிரிப்பாக இருந்தது. ஒரு நிமிஷத்துக்கு ஒரு தரம் செட் தானாகச் சோதனைச் செய்தி அனுப்பும். போனால் 'டிங்' என்று மணி அடிக்கும். அந்த மணியும் அவருடைய எண்களுமாக நாள் போனது.

சாலையோரக் கடை ஒன்றில் சாப்பிட்டோம். கோயம்புத்தூர் ஓட்டலில் இன்னும் கொஞ்சம் சாம்பார் கேட்டால், "இருங்க, கொண்டாறனுங்க" என்று ஒரு சமாதானமாவது கிடைக்கும். இங்கே கேட்டு முடிப்பதற்குள் வாளி இலைமேல் வந்துவிட்டது. "போதுமா, போதுமா?" என்று கேட்டார்கள், என் பதிலுக்கு யாரும் காத்திருக்கவில்லை. பக்கத்து மேஜையில் இரண்டு லாரி ஓட்டுநர்கள் தெலுங்கில் பேசிக்கொண்டார்கள். பெங்களூரில் பத்து வருஷம் இருந்ததில் அரைகுறையாகப் புரியும். "அந்த அம்மா வண்டியில் இருப்பது வானிலைக் கருவி, புயல் வருகிறது போல" என்றார் ஒருவர். மற்றவர் அவசரமாகச் சாப்பிட்டுக் கிளம்பிப் போனார்.

சாயங்காலம் லாட்ஜுக்குத் திரும்பி மாடி ஏறினால், எங்கள் முதல் கப்பலின்மேல் நாலு ஈரப் போர்வை தொங்கியது. "கம்பி நல்லா ஸ்ட்ராங்கா இருந்துச்சுங்க" என்றார் லாட்ஜ் மேனேஜர். போர்வைக்கு அடியிலும் செட் ஒழுங்காக 'டிங்' அடித்துக்கொண்டிருந்தது. எனக்கு அதைக் கொஞ்ச வேண்டும்போல இருந்தது.

இரண்டாம் நாள் வளவனூர் பக்கம் போனோம். மெயின் ரோட்டை விட்டு, கரும்பு டிராக்டர்கள் உழுது வைத்திருந்த ஒரு கிளைச் சாலைக்கு ஏழுமலையே கூட்டிப் போனார். "இங்க பாருங்க மேடம், நாலு கிடைக்கும்" என்றார், மாம்பழத் தோட்டம் காட்டுகிறவர் மாதிரி. ஒரு திருப்பத்தில் வேனை நிறுத்தியதும் ஒரு அம்மா சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு வந்துவிட்டார். "வந்துட்டீங்களா? ஆறு மாசமா கம்ப்ளைண்ட் குடுக்குறோம். எங்க தெருவுல டவரே கெடைக்கல. மொட்ட மாடில ஏறி நின்னுக்கினு பேசுறேன், பாத்துக்கோங்க!" நாங்கள் போன் கம்பெனி இல்லை என்று சொன்னதை அவர் நம்பவில்லை. "எல்லாரும் இப்படித்தான் சொல்றீங்க" என்று திட்டிவிட்டு, போகும்போது அவித்த வேர்க்கடலை, அந்த ஊர்ப் பேச்சில் மல்லாட்டை, ஒரு பை கொடுத்தார். சூடாக, உப்பு சரியாக இருந்தது. திட்டையும் தின்பண்டத்தையும் ஒரே கையால் கொடுக்கிறவர்களை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

அந்தத் திருப்பம் தாண்டி ஒரு பெரிய பள்ளம். வேன் ஒரு பக்கமாக விழுந்து எழுந்தது. "அஞ்சு மேடம்!" என்று கத்தினார். நான் மல்லாட்டையைக் கீழே சிந்திவிட்டுச் சிரித்தேன். அப்புறம்தான் கவனித்தோம். மணி அடிக்கவில்லை.

செட்டின் முகம் கறுத்துப் போயிருந்தது. நான் தொடவில்லை, தானாக உயிர் வருகிறதா என்று பார்க்க வேண்டும். நாற்பது விநாடி கழித்துத் திரும்ப எழுந்து, ஒன்றும் நடக்காதது மாதிரி 'டிங்' என்றது. வண்டியைத் திருப்பி அதே பள்ளத்தில் இன்னொரு தடவை விட்டோம். அதே நாற்பது விநாடி. மூன்றாவது தடவையும் அப்படியே.

"பேட்டரி கிளிப்பு லூசு மேடம். சவுண்டு கேக்குது பாருங்க. என் வண்டி ஹாரனு இப்படித்தான் பண்ணும்" என்றார் ஏழுமலை. பிறகு, சிரிக்காமல், "கடல்ல இப்படி கட் ஆனா இன்னா ஆவும்?" என்று கேட்டார்.

"நாப்பது செகண்டுல வந்துருதுங்களே."

"நாப்பது செகண்டுல இங்க நாலு லாரி போய்டும்" என்றார்.

அப்போது மேலாளர் போன் செய்தார். நாளை கடற்படை அதிகாரி வருகிறார், இந்த முறையும் கருவியை நிராகரித்தால் திட்டத்தையே மூடிவிடுவார்கள், ஒன்பது பேரின் ஐந்து வருஷ உழைப்பு உன் கையில் இருக்கிறது என்றார். அந்த ஒன்பது பேரையும் நான்தான் தேர்ந்தெடுத்தேன். ஒருத்தி குழந்தை பெற்று மூன்றாம் மாதமே வேலைக்கு வந்தவள். சரி என்று வைத்தேன்.

மூன்று தோல்வியையும் படிவத்தில் ஏற்றவில்லை. வேனைப் புறவழிச்சாலைக்கு விடச் சொன்னேன். தண்ணீர் தெளித்துத் துடைத்த தரை மாதிரி ரோடு. மணி ஒழுங்காக அடித்தது. அலையின் நிலை என்ற கட்டத்தில் ஐந்து என்று தட்டினேன். படிவம் போய்விட்டது. ஓட்டுநர் இருக்கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தட்டினேன், அவர் பார்த்தார். அதற்கப்புறம் விழுப்புரம் வரை அவர் எண் சொல்லவே இல்லை.

சாயங்காலம் மேலாளர் மறுபடி கூப்பிட்டார். குரலில் கல்யாணக் களை. "ஐந்தில் ஒரு தடவைகூட அறுபடவில்லையா! அப்படியென்றால் கடல் சோதனையே வேண்டாம் என்று கேட்டுவிடலாம். நேராகக் கப்பலுக்கே போகட்டும்!" நிலத்தில் சொன்ன பொய்யைக் கடல் பிடித்துவிடும் என்று நினைத்துத்தான் நான் அதைச் சொன்னேன். இப்போது கடலையே வேண்டாம் என்கிறார்கள். வாங்கி வைத்த பரோட்டாவை லாட்ஜ் மேனேஜரிடம் கொடுத்துவிட்டேன்.

மூன்றாம் நாள் காலை திண்டிவனம் போகும் வழியில், விக்கிரவாண்டி தாண்டியதும், ஏழுமலை ரோட்டைப் பார்த்தபடியே பேசினார்.

"மேடம், ஒண்ணு கேக்கலாமா?"

"கேளுங்ண்ணா."

"இந்த செட்டு பாப்பா கப்பலுக்குப் போவுமா?"

"எந்தக் கப்பலுக்குன்னு எனக்குத் தெரியாதுங்ண்ணா. சத்தியமா."

"யாரு வூட்டுப் புள்ளைக்கோ போவும்" என்றார். அவ்வளவுதான். கோபமாகச் சொல்லியிருந்தால் நானும் கோபப்பட்டிருப்பேன், எனக்கு அது சுலபமாக வரும். அவர் சாதாரணமாகச் சொன்னார். வெட்கத்தில் எனக்குக் காது சுட்டது.

எங்கள் இரண்டாவது கப்பலான மண்டபத்தில் அன்று உண்மையாகவே கல்யாணம். மாடியில் செட், கீழே மேளம். அதிகாரி ஹரியானாக்காரர், லெப்டினன்ட் கமாண்டர், நெட்டையான மனிதர். மண்டப வாசலில் நின்று மனைவியிடம் போனில் இந்தியில் சொல்லிக்கொண்டிருந்தார்: "கடற்படை வேலை என்றுதான் வந்தேன். இங்கே கடலைக் காணவில்லை, மாப்பிள்ளைதான் இருக்கிறார்." பெண் வீட்டார் எங்களை மாப்பிள்ளை வீட்டார் என்று நினைத்தார்கள், மாப்பிள்ளை வீட்டார் பெண் வீட்டார் என்று நினைத்தார்கள். இரண்டு தரப்பும் சேர்ந்து பந்தியில் உட்கார வைத்துவிட்டது.

அதிகாரி இடது கையில் அறிக்கையைப் பிடித்துப் புரட்டிக்கொண்டே பாயசம் குடித்தார். ஒரு பக்கத்தில் நின்றார். "மேடம், அலை ஐந்தில் ஒரு தடவைகூட அறுபடவில்லையா? அலை ஐந்தில் நான் டீ கிளாஸைக்கூட ஒழுங்காகப் பிடித்ததில்லை. எந்த இடம் இது?"

எதிர்வரிசையில் ஏழுமலை உட்கார்ந்திருந்தார். ஆங்கிலம் புரிந்ததோ இல்லையோ, இலையில் கை நின்றிருந்தது.

"சார், அது புறவழிச்சாலை. அலை ஒன்று. உண்மையான ஐந்து வளவனூரில் இருக்கிறது. அங்கே மூன்று தடவை போனோம், மூன்று தடவையும் செத்துப் போனது. நான் எழுதவில்லை" என்றேன். சொல்லி முடித்ததும் ரசம் ஊற்ற வந்தவரிடம் தேவையில்லாமல் இரண்டு கரண்டி கேட்டு வாங்கிக்கொண்டேன்.

அவர் கத்துவார் என்று எதிர்பார்த்தேன். அறிக்கையை மடித்தார். "அந்த அலையை நான் பார்க்க வேண்டும்" என்றார்.

திண்டிவனத்திலிருந்து வளவனூர் வரை ஏழுமலை வண்டியை அவ்வளவு நிதானமாக ஓட்டினார். கிளைச் சாலைக்குள் திரும்பியதும் ஒரு தடவை இருமிவிட்டு, "மூணு" என்றார். நான் மடிக்கணினியைத் திறந்து வைத்தேன். "நாலு." அதிகாரி செட்டைக் கையில் வைத்துக்கொண்டு முன் இருக்கைக் கம்பியைப் பிடித்திருந்தார். டவர் அம்மா தெருவில் நின்று எங்களை அடையாளம் கண்டு கையை ஆட்டிக் கூப்பிட்டார். நிறுத்தவில்லை.

"அஞ்சு!"

வேன் விழுந்து எழுந்தது. செட் கறுத்தது. அதிகாரி கடிகாரத்தைப் பார்த்து நாற்பது விநாடியையும் எண்ணினார். மணி அடித்ததும் கதவைத் திறந்து இறங்கி, கரும்பு வயல் ஓரம் போய், கல்யாணப் பாயசம் முழுவதையும் வாந்தி எடுத்தார். ஏழுமலை ஓடிப்போய்த் தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

அதிகாரி வாயைக் கொப்பளித்துவிட்டு நிமிர்ந்தார். "பதினோரு வருஷம் கடலில் இருந்திருக்கிறேன், ஒரு தடவை வாந்தி எடுத்ததில்லை. உங்கள் அறிக்கையில் இன்னொரு தப்பும் இருக்கிறது மேடம். இது ஐந்து இல்லை, ஆறு." வேன் பானெட்டின்மேல் தாளை வைத்துப் பேனாவால் எழுதினார்: நிராகரிக்கப்பட்டது, சரிசெய்து மீண்டும் கொண்டுவரவும். திட்டத்தை மூடவும் என்று எழுதவில்லை. மூட மாட்டார்கள் என்றும் சொல்லவில்லை.

மேலாளருக்குப் போன் செய்து சொன்னேன். "வளவனூரை ரூட்டில் சேர்க்க உனக்கு யார் சொன்னது?" என்றார்.

ரயிலுக்கு நேரம் இருந்தது. விழுப்புரம் ரயில் நிலையத்து வாசலில் வேனிலேயே உட்கார்ந்து கடைசிப் படிவத்தை நிரப்பினேன். அலையின் நிலை: ஆறு. முடிவு: தோல்வி. காரணம் என்று ஒரு பட்டியல் விரிந்தது. காற்று, மழை, அலை, மனிதத் தவறு. கடைசியைத் தொட்டேன். தவறு செய்தவர் பெயர் என்று கேட்டது. இந்தக் கட்டத்தைக் கட்டாயமாக்கியதும் நான்தான், அதே மத்தியானம், அதே கோபத்தில். என் பெயரைத் தட்டினேன். மூன்று நாளில் முதல் தடவையாக ஒரு உண்மையை எதிர்க்கேள்வி கேட்காமல் வாங்கிக்கொண்டது.

ஏழுமலை என் பெட்டியை இறக்கி வைத்தார். போனை எடுத்து ஒரு தடவை பார்த்துவிட்டுச் சட்டைப் பையில் போட்டார்.

"அப்போ பாப்பா கப்பல்ல இப்போதைக்குப் பழைய செட்டுதானே மேடம்?"

"ஆமாங்ண்ணா. புதுசு வர இன்னும் நாளாகும். பழசுதான்."

"அப்பாடா!" என்றார். முகமெல்லாம் சிரிப்பு. அதே சிரிப்போடு என் பெட்டியைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு, வேண்டாம் வேண்டாம் என்று நான் சொல்லச் சொல்ல, பிளாட்பாரம் வரைக்கும் முன்னால் நடந்தார்.

பதினெட்டு வருஷமாகக் கடற்படையை நவீனமாக்கிக்கொண்டிருக்கிறேன். என் வேலையால் ஒரு மனிதர் இவ்வளவு சந்தோஷப்பட்டு நான் பார்த்தது அன்றைக்குத்தான்.